வாய்விட்டுச் சொல்லாத தோடு

புக்கிட் ரம்பாய் தாமான் குடியிருப்பில் ஒரு பெண் இறந்துபோனால் முதல் போன் சவப்பெட்டிக் கடைக்குப் போகும், இரண்டாவது போன் மங்களத்துக்கு. சில வீடுகளில் மங்களத்துக்குத்தான் முதல் போனே. குளிப்பாட்டி, துடைத்து, சேலை கட்டி, பூ வைத்து, பார்க்க வருகிறவர்கள் 'தூங்குற மாதிரியே இருக்காங்களே' என்று சொல்லும்படி படுக்க வைப்பாள். அதை வேலை என்று யாராவது சொன்னால் அவளுக்குக் கோபம் வரும். கையுறை ஃபேக்டரியில் ஓட்டை இருக்கிறதா என்று பார்த்துப் பார்த்து இருபத்தாறு வருஷம் கண்ணைக் கெடுத்துக்கொண்டாளே, அதுதான் வேலை. இதற்குக் கூலியும் கிடையாது, அந்த வீட்டில் பாலில்லாத ஒரு கட்டங்காப்பிகூட வாங்கிக் குடிக்க மாட்டாள்.

அறுபத்து நாலு வயது. ஒல்லி உடம்பு, பெரிய வாய். இறந்தவர்களோடு பேசுவாள். "கையக் குடு, அடம் பிடிக்காத. உசுரோட இருந்தப்பதான் யார் பேச்சும் கேக்கல, இன்னைக்காவது கேளு" என்று அதட்டுவாள். பக்கத்தில் அழுதுகொண்டிருக்கும் மகள்மார் அழுகைக்கு நடுவே சிரித்துவிட்டு, சிரித்ததற்காக இன்னும் கொஞ்சம் அழுவார்கள்.

அவளிடம் ஒரு கண்டிப்பு இருந்தது. துண்டு ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு வெறுங்கையோடு வருவாளே தவிர, பை கொண்டுவர மாட்டாள். 'பை கொண்டு போனா எல்லாரு கண்ணும் பை மேலதான் இருக்கும்' என்பாள். உடம்பிலிருந்து நகையைக் கழற்றும்போது அந்த வீட்டுப் பெண் ஒருத்தி தட்டுப் பிடிக்க வேண்டும். மங்களம் ஒவ்வொன்றாகக் கழற்றி, வெளியே கூடாரத்தில் உட்கார்ந்திருக்கும் ஆம்பளைகளுக்குக் கேட்கும்படி வாய்விட்டுச் சொல்லுவாள். "மூக்குத்தி ஒண்ணு." வெளியே இருந்து மூத்த மகன் திருப்பிச் சொல்ல வேண்டும், "மூக்குத்தி ஒண்ணு." அவன் சொல்லும்வரை அடுத்ததில் கை வைக்க மாட்டாள். அவள் எஸ்டேட்டில் இருந்த காலத்தில் ஒரு வளையலுக்காக அண்ணன் தம்பி இருவர், தாய் கிடக்கும்போதே கட்டிப் புரண்டதைப் பார்த்த பிறகு அவளாகவே வைத்துக்கொண்ட வழக்கம் அது. நாளடைவில் தாமான் முழுக்க அதுவே சட்டமாகிவிட்டது.

அப்படிப்பட்டவள் ஒரே ஒரு தடவை வாய் திறக்கவில்லை. அது பவானேஸ்வரியின் சாவில்.

பவானேஸ்வரியும் மங்களமும் ஒரே எஸ்டேட், ஒரே ஃபேக்டரி, பிறகு தாமானில் அடுத்தடுத்த வீடு. பவானி சீக்கிரமே புருஷனைப் பறிகொடுத்தவள். ஒரே மகன் நிவேந்திரன். மங்களத்துக்குப் பிள்ளை இல்லை. ஷிஃப்ட் மாற்றி மாற்றி இரண்டு பேருமாகத்தான் அவனை வளர்த்தார்கள். அவனுக்குச் சோறு ஊட்டியதில் பாதி மங்களத்தின் கை. அவளைப் 'பெரியம்மா' என்றுதான் கூப்பிடுவான். இப்போது அவனுக்கு நாற்பது ஆகிறது, ஆயர் குரோவில் ஒரு கம்பெனியில் சூப்பர்வைசர், விஜயராணி என்று நல்ல மனைவி.

கடைசி இரண்டு வருஷம் பவானி டயாலிசிஸுக்குப் போய்வந்தாள். ஒரு நாள் மெஷினில் படுத்தபடியே மங்களத்தின் மணிக்கட்டைப் பிடித்தாள். "நான் போனா நீதானே குளிப்பாட்டுவ? தோட்ட மட்டும் கழட்டாத. என்னோடயே அனுப்பிடு. கழட்டுனா அவன் கடைக்குக் கொண்டு போவான். கடைக்காரன் சொல்லிடுவான்."

கடைக்காரன் என்ன சொல்லுவான் என்று மங்களம் கேட்கவில்லை. அவளுக்குத் தெரியும். பவானி காதில் மினுமினுத்தது தங்கம் இல்லை, கவரிங்.

அந்தக் கதையை இங்கேயே சொல்லிவிடுவது நல்லது. இருபது வருஷத்துக்கு முன்னால், நிவேந்திரனுக்கு இருபது வயது. கூட்டாளிகளோடு சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்திருந்தான். வெளியே நின்ற மோட்டார் சைக்கிளில் ஒன்று திருட்டு வண்டி. அத்தனை பேரையும் அள்ளிக்கொண்டு போனார்கள். நாலு நாள் உள்ளே வைத்திருந்தார்கள், அது போதாதென்று மஜிஸ்திரேட்டிடம் இன்னும் ஏழு நாள் கேட்டு வாங்கினார்கள். போய்ப் பார்த்த பவானி, மகன் முகத்தைக் கண்டு வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள். அவன் 'அம்மா' என்றுகூடச் சொல்லவில்லை.

மறுநாள் காலையில் பவானி தாய்வீட்டில் போட்டுவிட்ட கல் வைத்த தோட்டைக் கழற்றி விற்றாள். மங்களத்தையும் கூட்டிக்கொண்டு தெங்கேராவில் ஒரு மாடிப்படி ஏறினாள். தனபாலன் என்ற இளம் லாயர் அப்போதுதான் அங்கே ஆபீஸ் திறந்திருந்தார். அவர் அன்றைக்கே காகிதம் தயார் பண்ணி ஹைகோர்ட்டுக்குப் போனார். 'ஏற்கெனவே நாலு நாள் வைத்திருந்தீர்கள், இனி இந்தப் பிள்ளையை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறீர்கள் என்று போலீஸ் டைரியில் ஒரு வரிகூட இல்லையே' என்று கேட்டு, நீதிபதி அந்த ஏழு நாள் உத்தரவை ரத்து செய்தார். நிவேந்திரன் அன்று சாயந்தரமே வீட்டுக்கு வந்தான். அதோடு அந்தக் கேஸும் படுத்துவிட்டது, யாரும் அவனைத் திரும்பக் கூப்பிடவில்லை.

ஒரு மாசம் அவன் வீட்டை விட்டு வெளியே வரவில்லை. "எனக்காக என்னம்மா வித்த?" என்று மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டான். பவானி ஒரு ஜோடி கவரிங் வாங்கிக் காதில் மாட்டிக்கொண்டு வந்து நின்றாள். "ஒண்ணும் விக்கலடா. லாயரு சும்மாதான் பேசுனாரு. நீ தப்பு பண்ணல, அதான் விட்டுட்டாங்க. தப்பு பண்ணாதவன யாரும் ஒண்ணும் பண்ண முடியாது." பையன் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு எழுந்தான். வேலைக்குப் போனான், கல்யாணம் பண்ணினான். அவன் வாழ்க்கையே அந்த ஒரு பேச்சின் மேல்தான் நின்றது என்று பவானி நம்பினாள். தோடு விற்றதைச் சொல்லக் கூடாதென்று மங்களத்திடமும் லாயரிடமும் சத்தியம் வாங்கிக்கொண்டாள்.

அதனால்தான் அன்றைக்கு, "மூக்குத்தி ஒண்ணு", "வளையல் ரெண்டு" என்று சொல்லிய மங்களம், தட்டுப் பிடித்துக்கொண்டிருந்த விஜயராணியைப் பார்த்து, "சந்தனம் கொழைச்சுக் கொண்டா, விஜி" என்று அனுப்பினாள். அவள் திரும்பி வருவதற்குள் தாடையைக் கட்டும் வெள்ளைத் துணியை அகலமாக விரித்து, இரண்டு காதையும் மூடிக் கட்டினாள். "போடி, உன் இஷ்டப்படியே போ" என்று காதோரம் குனிந்து சொன்னாள். அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து பாத்திரம் கழுவி வைத்தபோது விஜயராணி மெதுவாகக் கேட்டாள். "பெரியம்மா, அத்தையோட தோடு தட்டுல இல்லயே?"

"அவகூடவே போயிடுச்சும்மா. அவதான் கேட்டா."

"தங்கத் தோட்டயா எரிக்கச் சொன்னாங்க?"

மங்களத்துக்குப் பொய் சொல்ல வராது. சண்டைக்காரிகளுக்கே உள்ள குறை அது. உண்மையைச் சொல்லவும் வழியில்லை. "கேட்டா, செஞ்சேன். அவ்வளவுதான்" என்று எழுந்துவிட்டாள். எழுந்த விதமே சரியில்லை என்று பிறகு பலரும் சொன்னார்கள்.

நிவேந்திரன் இரண்டு தடவை வந்து கேட்டான். இரண்டாவது தடவை வீட்டுக்குள்கூட வரவில்லை, கேட்டுக்கு வெளியே நின்றான். "அது தாத்தா போட்டுவிட்ட தோடு பெரியம்மா. அம்மா ஞாபகத்துக்கு அதுதான் இருந்துச்சு. எல்லாத்தையும் சத்தமா சொன்னீங்க, அத மட்டும் ஏன் சொல்லல?" மங்களம் கேட்டைத் திறக்கக் கை நீட்டினாள். "அப்ப நான் போலீஸ்ல ரிப்போர்ட் போடுறேன். நீங்க தப்பு பண்ணலன்னா எதுக்குப் பயப்படணும்? தப்பு பண்ணாதவங்கள யாரும் ஒண்ணும் பண்ண முடியாது. அம்மா சொல்லுவாங்கல்ல."

அம்மா சொல்லுவாள்தான். மங்களம் கேட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அடி பாவி பவானி, உன் பேச்சே எனக்கு வினையா வந்து நிக்குதே என்று மனதுக்குள் திட்டினாள்.

ரிப்போர்ட் போன பிறகு தாமானில் ஒரு சாவு விழுந்தது. மூன்று வீடு தள்ளித்தான். மங்களம் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு போனுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். போன் அடிக்கவில்லை. மத்தியானம் சவப்பெட்டி ஏற்றிய லோரி அவள் வீட்டைக் கடந்து போனது. யாரோ தெரியாதவர்கள் குளிப்பாட்டியிருப்பார்கள், தலைமுடியைக்கூடச் சரியாகத் துவட்டியிருக்க மாட்டார்கள் என்று முணுமுணுத்துக்கொண்டே துண்டை மடித்து வைத்தாள். ஜெயிலுக்குப் போவதைப் பற்றி அதுவரை அவள் பயப்படவில்லை. இதற்குப் பயந்தாள்.

மறுநாள் பஸ் பிடித்துத் தெங்கேராவுக்குப் போனாள். தனபாலன் இன்னும் அதே மாடியில்தான் இருந்தார். தலை நரைத்திருந்தது. அவளை அடையாளம் கண்டுகொள்ள அரை நிமிஷம் ஆனது.

"சார், அன்னைக்கு அந்தப் பையனுக்குக் கோர்ட்டுல சொல்லி நிறுத்துனீங்கல்ல. அதே மாதிரி இந்த விசாரணைய நிறுத்துங்க."

அவர் எல்லாவற்றையும் கேட்டார். கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "அன்னைக்கு நிறுத்துனது அவன உள்ள வச்சிருந்ததத்தான்மா. விசாரணைங்கறது போலீஸ் வேலை, அதுல கோர்ட்டு லேசுல கை வைக்காது. கதவு ஒரேடியா சாத்தியும் இல்ல. ரிப்போர்ட்டுல எழுதியிருக்கறது அத்தனையும் நெசம்னே வச்சுக்கிட்டாலும் அதுல குத்தம்னு ஒண்ணும் தெரியலன்னா, போய்க் கேட்டுப் பாக்கலாம். இல்ல, ஒருத்தர அலைய வைக்கணும்னே பொய்யா போட்ட ரிப்போர்ட்டுன்னு காட்ட முடிஞ்சா கேக்கலாம். அதுவே அபூர்வம்."

"அவன் பொய்யா போடல சார். நெசமாவே நான் எடுத்துட்டேன்னுதான் நெனைக்கிறான்."

"அதான். ரிப்போர்ட்டுல தங்கத் தோட்டக் காணோம், கடைசியா தொட்டது நீங்கன்னு இருக்கு. அத மட்டும் படிச்சா யாருக்கும் திருட்டு மாதிரிதான் தெரியும். உங்க பக்கத்துக் கதைய இந்த நேரத்துல கோர்ட்டு கேக்காது. போலீஸ் விசாரிக்கட்டும்னு சொல்லிடும். கதையச் சொல்ல வேண்டிய இடம் போலீஸ்தான். கவரிங்னு சொல்லுங்க, ஒரே நாள்ல முடிஞ்சிடும்."

"சொன்னா நிவேனக் கூப்பிட்டுக் கேப்பாங்களா?"

"கேக்காம?"

"அப்ப வேணாம்."

தனபாலன் அவளையே பார்த்தார். "எனக்கும் அந்தம்மா வாய்ப்பூட்டு போட்டுட்டுத்தான் போயிருக்காங்க. நீங்க சரின்னு சொல்லாம நானும் பேசப் போறதில்ல. ஆனா ஒண்ணு, கூப்பிட்டா உடனே போங்க. ஒளியாதீங்க. புடிச்சு உள்ள வச்சா எனக்கு ஒரு போன்." ஃபீஸ் என்ன என்று கேட்டதற்கு, அந்தப் பேச்சை எடுத்தால் கோபித்துக்கொள்வேன் என்றார்.

போலீஸ் ஸ்டேஷனில் அவளை மூன்று தடவை கூப்பிட்டார்கள். கேஸைப் பார்த்தது ஒரு மலாய்க்காரப் பெண் சார்ஜன், தன்மையானவள். 'மாக்சிக்' என்று அத்தை முறை வைத்துக் கூப்பிட்டு, 'அந்தத் தோடு எங்கே?' என்று ஒவ்வொரு தடவையும் கேட்டாள். 'அவளோடு எரிந்துவிட்டது' என்று மங்களமும் தனக்குத் தெரிந்த மலாயில் ஒவ்வொரு தடவையும் சொன்னாள். 'யாராவது தங்கத்தை எரிப்பார்களா?' என்றால், 'அவள் கேட்டாள்' என்று மட்டும் சொல்வாள். வீட்டைத் தேடினார்கள். சாம்பலைக் கடலில் கரைத்தாயிற்று, அங்கே போய்த் தேடவும் முடியாது. நாலாவது தடவை, காலையில் போனவளைத் திருப்பி அனுப்பவில்லை. உள்ளே வைத்துவிட்டார்கள்.

சிமெண்டுத் தரையில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்திருந்தபோது மங்களத்துக்குத் தன்னைப் பற்றிய நினைப்பே வரவில்லை. இப்படி ஒரு தரையில்தானே அந்தப் பிள்ளை நாலு நாள் கிடந்தான், கொசு கடித்தால் கை காலெல்லாம் தடித்துப்போகும் அவனுக்கு என்றே நினைத்துக்கொண்டிருந்தாள். இருபது வருஷம் கழித்து அதற்கு அழுதாள்.

மறுநாள் காலை ஆயர் குரோவில் உள்ள நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனார்கள். மஜிஸ்திரேட் ஒரு சின்ன அறையில் உட்கார்ந்திருந்தார். நாலு நாள் ரிமாண்ட் வேண்டும், தோட்டை யாரிடம் கொடுத்தாள் என்று கண்டுபிடிக்க வேண்டும் என்று போலீஸ் தரப்பில் கேட்டார்கள். தனபாலன் எழுந்து, சத்தியம் போட்ட விஷயத்தைத் தொடாமலே பேசினார். அறுபத்து நாலு வயது, இனிப்பு நீர் வியாதி, கூப்பிட்ட போதெல்லாம் தானே வந்தவர், அதே வீட்டில் இருபத்தைந்து வருஷமாக இருப்பவர், எங்கேயும் ஓடப்போவதில்லை. மஜிஸ்திரேட் போலீஸ் டைரியைப் புரட்டினார். வீட்டைத் தேடியாயிற்றா என்று கேட்டார். ஆயிற்று என்றார்கள். அப்படியென்றால் இவரை உள்ளே வைப்பதால் இந்த நாலு நாளில் புதிதாக என்ன கிடைக்கும் என்று கேட்டார். போலீஸ் தரப்பில் பழைய காரணத்தையே திரும்பச் சொன்னார்கள். ரிமாண்ட் இல்லை என்று மஜிஸ்திரேட் எழுதிவிட்டார்.

விசாரணை நிற்கவில்லை. உள்ளே வைப்பது மட்டும்தான் நின்றது. அதுவே மங்களத்துக்குப் போதுமாக இருந்தது.

வெளியே வராந்தாவில் நிவேந்திரன் நின்றான். சட்டை கசங்கியிருந்தது. கையில் அவளுடைய மாத்திரை டப்பாவும் பிளாஸ்டிக் பையில் இரண்டு தோசையும். "சும்மா கேப்பாங்கன்னுதான் நெனச்சேன் பெரியம்மா. புடிச்சு வைப்பாங்கன்னு நெனைக்கல. மாத்திரை போட்டீங்களா? மொதல்ல சாப்பிடுங்க" என்று அவசர அவசரமாகச் சொன்னான். அவள் முகத்தைப் பார்க்காமல் தோசைப் பையின் முடிச்சை அவிழ்த்தான்.

அவளுக்குப் பின்னால் தனபாலன் ஃபைலை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்தார். நிவேந்திரன் நிமிர்ந்தான். அவரை அடையாளம் கண்டுகொண்டான்.

"சார், உங்களுக்கு ஞாபகம் இருக்காது. நான் பையனா இருந்தப்ப எனக்குப் பேசுனீங்க. ஃப்ரீயா பேசுனீங்கன்னு அம்மா சொல்லுவாங்க. பெரியம்மாவுக்கும் ஃப்ரீயாத்தான் வந்தீங்களா?"

தனபாலன் மங்களத்தைப் பார்த்தார். மங்களம் தரையைப் பார்த்தாள். ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் தீர்ந்திருக்கும். ஆனால் கோர்ட்டு வராந்தாவில் நின்றுகொண்டு பொய் சொல்ல அந்த மனுஷனுக்கும் வரவில்லை.

"அப்பதான் நான் ஆபீஸ் தொறந்தேன், தம்பி. வாடகைக்கே தடுமாறுன காலம்" என்றார்.

நிவேந்திரன் முட்டாள் இல்லை. அவன் கை தோசைப் பையோடு அப்படியே நின்றது. "யார் ஃபீஸ் கட்டுனா?" என்று கேட்டான். தனபாலன் ஃபைலை மறு அக்குளுக்கு மாற்றினார். "அம்மாகிட்ட அப்ப ஒண்ணுமே இல்லயே. அந்தத் தோட்டத் தவிர ஒண்ணுமே இல்லயே." குரல் மெல்ல இறங்கியது. "அப்ப இத்தன வருஷமா காதுல போட்டிருந்தது?"

"கவரிங்டா" என்றாள் மங்களம். "பாசார்ல நானும் அவளும் போய்த்தான் வாங்குனோம். உனக்குத் தெரியக் கூடாதுன்னு தலைல அடிச்சு சத்தியம் வாங்குனா. அதான் அவகூடவே அனுப்புனேன்."

அவன் பக்கத்திலிருந்த பெஞ்சில் உட்கார்ந்தான். நாற்பது வயது ஆம்பளை, நாலு பேர் போய்வருகிற இடம், வாயைப் பொத்திக்கொண்டு அழுதான். மங்களம் பக்கத்தில் உட்கார்ந்து தோளில் கிடந்த துண்டை எடுத்து அவன் முகத்தைத் துடைத்தாள். சின்ன வயதில் துடைத்த மாதிரி அழுத்தித் துடைத்தாள்.

"நீங்க ஏன் பெரியம்மா சொல்லல? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா லாக்கப்புக்குப் போயிருக்க வேணாமே."

"உன்ன வெளிய எடுக்க அவ கழட்டிக் குடுத்தா. என்ன வெளிய எடுக்க நான் அதச் சொல்லிட்டா, உனக்குக் குடுத்தத உங்கிட்டேருந்து புடுங்குன மாதிரி ஆயிடாதா? போடா. ஒரு ராத்திரிதானே, செத்தா போயிட்டேன்."

தனபாலன் தள்ளிப் போய்ச் சுவரில் ஒட்டியிருந்த நோட்டீஸைப் படிக்கிறவர் மாதிரி நின்றார்.

நிவேந்திரன் அந்தத் துண்டை வாங்கிக் கையில் சுருட்டிக்கொண்டான். "நான் தப்பு பண்ணல, அதான் விட்டுட்டாங்கன்னு இத்தன வருஷமா எல்லார்கிட்டயும் சொல்லிட்டுத் திரிஞ்சேன். உங்ககிட்டயும் அதயே சொன்னேன்."

"நீ தப்பு பண்ணலதான். அதுல ஒரு பொய்யும் இல்ல" என்றாள் மங்களம். "ஆனா தப்பு பண்ணலன்னு நமக்காகப் போய்ச் சொல்ல ஒரு ஆளு வேணும்ல, கண்ணு."

அவன் எழுந்தான். மாத்திரையை அவள் கையில் வைத்து, தண்ணீர்ப் போத்தலைத் திறந்து கொடுத்து, அவள் விழுங்கி முடிக்கும்வரை நின்றான். பிறகு கார்ச் சாவியை எடுத்தான்.

"வாங்க பெரியம்மா, ஸ்டேஷனுக்குப் போவோம்" என்றான். "நான் போய்ச் சொல்றேன்."